பேசி முடித்தாயிற்று, வழக்கு முடிந்ததா?

நீதிமன்றத்தில் எதிரும் புதிருமாக நிற்கும் இரண்டு தரப்பும் மனம் ஒத்துப்போய்விட்டால், நீதிபதி தீர்ப்பு எழுதும் நாள் வரை யாரும் காத்திருக்க வேண்டியதில்லை. வழக்குப் போட்ட மறுநாளே முடித்துக்கொள்ளலாம். பாதி சாட்சி விசாரணையில் முடிக்கலாம். கீழ்க்கோர்ட்டில் ஒருவர் ஜெயித்து, மற்றவர் மேல்முறையீடு செய்து, வழக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் கிடக்கும்போதுகூட முடிக்கலாம். சட்டம் இதை ஒரு சலுகையாக நினைக்கவில்லை. வழக்கு முடிவதற்கான இயல்பான வழிகளில் இதுவும் ஒன்று என்றே வைத்திருக்கிறது.

ஆனால் ஊரில் உட்கார்ந்து பேசி முடிப்பது ஒன்று, கோர்ட்டில் வழக்கு முடிவது இன்னொன்று. இரண்டுக்கும் நடுவே ஒரு காகிதம் இருக்கிறது. அந்தக் காகிதம் சரியாக எழுதப்பட்டு, கையெழுத்தாகி, நீதிபதி அதைப் பதிவு செய்து ஆணை போட்டால்தான் பேசியதற்கு உயிர் வரும். இந்த நடு இடத்தில்தான் நம் பக்கத்துச் சனங்கள் நிறையப் பேர் ஏமாந்து போகிறார்கள். கட்டுரை முழுக்க அந்த இடத்தைப் பற்றித்தான்.

புரிவதற்கு ஒரு கற்பனைக் குடும்பத்தை வைத்துக்கொள்வோம். சேரன்மகாதேவி பக்கம், கன்னடியன் கால்வாய்ப் பாசனம். மேல்வயல் அண்ணனுக்கு, கீழ்வயல் தம்பிக்கு. மடையிலிருந்து வரும் தண்ணீர் அண்ணன் வயல் வரப்பை ஒட்டிய சிறு வாய்க்கால் வழியாகத்தான் தம்பி வயலுக்கு இறங்க வேண்டும். அண்ணன் நெல்லை விட்டுவிட்டு வாழைக்கு மாறினார், வயலை மட்டம் தட்டினார், வாய்க்காலை மூடினார். பிசானப் பருவ நெல்லுக்கு நாற்றுப் பாவிய தம்பிக்குத் தண்ணீர் இல்லை. முன்சீப் கோர்ட்டில் நிரந்தரத் தடை கேட்டு வழக்குப் போட்டார். வாய்தா மேல் வாய்தாவாக வருடங்கள் ஓடின.

கோயில் கொடைக்கு வரி பிரிக்கும் நேரத்தில் பெரியவர்கள் இருவரையும் உட்கார வைக்கிறார்கள்.

"எலேய் தம்பி, கோர்ட்டுக்கும் வீட்டுக்கும் அலைஞ்சது போதும். வாய்க்கால நான் தெறந்து விட்டுருதேன். நீ கேஸ விட்ரு."

"சரிண்ணே. நீ சொன்னாச் சரிதான்."

மதினி காப்பி போட்டுக் கொடுக்க, எல்லோருக்கும் மனசு லேசாகிறது. நல்ல காரியம்தான். இனி கோர்ட்டில் என்ன நடக்கும்?

கோர்ட்டுக்கு இந்தக் காப்பி விஷயம் தெரியாது. அடுத்த வாய்தாவுக்குத் தம்பி போகவில்லை, அண்ணன் தரப்பு வக்கீல் மட்டும் வந்து நிற்கிறார் என்றால், வாதி வராத காரணத்துக்காக வழக்கு தள்ளுபடியாகும். அப்படித் தள்ளுபடியான வழக்கை அதே காரணத்துக்காகப் புதிதாகப் போட முடியாது. 30 நாளுக்குள் தகுந்த காரணம் சொல்லி மனுப் போட்டு, அதே வழக்கை உயிர்ப்பிக்கத்தான் பார்க்க வேண்டும். மாறாக, "அதான் பேசி முடிச்சாச்சே" என்று அண்ணன் போகாமல் இருந்து, தம்பி தரப்பு வக்கீல் வழக்கை நடத்திவிட்டால், அண்ணன் மேல் ஒருதலைப்பட்சத் தீர்ப்பு விழும். யாரும் யாரையும் ஏமாற்ற நினைக்கவில்லை. வக்கீலிடம் ஒரு வார்த்தை சொல்லாததால் மட்டுமே இவ்வளவும் நடந்துவிடலாம்.

இதைவிட அதிகமாக நடக்கும் தவறு, வாபஸ். தம்பி கோர்ட்டுக்குப் போய், வழக்கை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன் என்று ஒரு மெமோ கொடுத்துவிடுகிறார். அதில் அண்ணன் வாய்க்காலைத் திறந்துவிட ஒப்புக்கொண்டதைப் பற்றி ஒரு வரியும் இல்லை. கோர்ட் வழக்கைத் தள்ளுபடி செய்துவிடும். அண்ணன் வாக்கை ஓராண்டு காப்பாற்றுகிறார். அதற்கப்புறம் நிலம் மகன் கைக்குப் போகிறது. மகன் வாய்க்காலை மறுபடி மூடுகிறார். இப்போது தம்பி கையில் என்ன இருக்கிறது? ஒன்றுமில்லை. புது வழக்குப் போட அனுமதி கேட்டு வாங்காமல் வாபஸ் பெற்றால், அதே விஷயத்துக்காக மறுபடி வழக்குப் போடும் உரிமை போய்விடும் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை, முதல் விதி சொல்கிறது. இது புதிதாக மறித்தது, பழைய காரணம் வேறு என்று வாதாடி உள்ளே நுழைய வேண்டும். அதுவே தனி வழக்காக நீளும். எதிர்த்தரப்பு எதையாவது செய்வதாகச் சொல்லியிருந்தால், அதை எழுத்தில் வாங்காமல் வெறும் வாபஸ் மெமோவில் கையெழுத்துப் போடவே கூடாது என்பது என் உறுதியான கருத்து.

ராஜி மனு

சரியான வழி அதே 23ஆம் கட்டளையின் மூன்றாவது விதியில் இருக்கிறது. இரண்டு தரப்பும் எந்த நிபந்தனைகளில் ஒத்துப்போனார்கள் என்பதை எழுத வேண்டும், இருவரும் கையெழுத்திட வேண்டும், கோர்ட்டில் தாக்கல் செய்ய வேண்டும். கோர்ட் வளாகத்தில் இதை ராஜி மனு என்பார்கள், சமரச மனு என்றும் சொல்வார்கள். நீதிபதி கட்சிக்காரர்களை நேரில் அழைத்து, இது உங்கள் கையெழுத்துதானா, படித்துப் பார்த்துத்தான் போட்டீர்களா, யாராவது வற்புறுத்தினார்களா என்று கேட்பார். திருப்தியானால் சமரசத்தைப் பதிவு செய்து, அதன்படியே தீர்ப்பாணை (டிக்ரி) பிறப்பிப்பார். ராஜி மனு அந்த டிக்ரியின் பகுதியாகவே இணைக்கப்படும்.

எழுத்தும் கையெழுத்தும் கட்டாயம் என்ற நிபந்தனை 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தில் வந்தது. வாயால் ஒப்புக்கொண்டார், பத்துப்பேர் சாட்சி இருக்கிறார்கள் என்று சொல்லி நடக்கும் வழக்குக்கு முடிவு கேட்க முடியாது. வக்காலத்தில் அதிகாரம் கொடுத்திருந்தால் வக்கீல் கையெழுத்தையும் கோர்ட் ஏற்பதுண்டு. ஆனாலும் கட்சிக்காரர் தாமே கையெழுத்துப் போடுவதுதான் எல்லோருக்கும் பாதுகாப்பு. நாளைக்கு, "எனக்குத் தெரியாமல் வக்கீல் போட்டார்" என்ற பேச்சு வராது.

அதே திருத்தம் இன்னொரு வசதியையும் தந்தது. வழக்கு வாய்க்காலைப் பற்றி மட்டும் இருந்தாலும், அண்ணன் தம்பிக்குள் இருக்கும் மற்ற பிணக்குகளையும் சேர்த்து அதே சமரசத்தில் தீர்த்துக்கொள்ளலாம். வீட்டுச் சுவர், கிணற்றுப் பங்கு, அப்பா வாங்கிய கடன் எல்லாம் ஒரே மனுவில் அடங்கும். ஒன்றைத் தீர்த்து மற்றதைத் தொங்கவிட்டால் அந்த மற்றதிலிருந்தே பகை மறுபடி முளைக்கும் என்பதால் இந்த வசதியைப் பயன்படுத்திக்கொள்வது நல்லது.

இப்படிச் சேர்க்கும்போது ஒரு கவனம் வேண்டும். வழக்கில் உள்ள சொத்தைப் பற்றிய சமரசத் தீர்ப்பாணையைப் பொதுவாகப் பத்திர ஆபீசில் பதிவு செய்யத் தேவையில்லை. வழக்கில் இல்லாத நிலமோ வீடோ சமரசத்துக்குள் வந்தால், 1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் 17ஆம் பிரிவுப்படி பதிவு வேண்டியிருக்கும். வாய்க்காலை விட்டுக்கொடுத்ததற்குப் பதிலாகப் பாளையங்கோட்டையில் இருக்கும் மனையை எழுதிக்கொடுக்கிறேன் என்று பேசினால், அந்த மனைக்குத் தனியாகப் பதிவைப் பார்க்க வேண்டும். கோர்ட் முத்திரை இருக்கிறதே என்று பேசாமல் இருந்துவிட்டு, பத்து வருடம் கழித்து விற்கப் போகும்போது சிக்கிக்கொள்பவர்கள் உண்டு.

என்ன எழுதுவது?

ராஜி மனுவின் நன்மை முழுவதும் அதன் வாசகத்தில் இருக்கிறது. "இனி அண்ணன் தம்பிகள் ஒற்றுமையாக இருப்பார்கள், அண்ணன் தண்ணீருக்குத் தடை செய்ய மாட்டார்" என்று எழுதினால் படிக்க நன்றாக இருக்கும். ஆனால் நாளை தகராறு வரும்போது கோர்ட் அமீனாவை அனுப்பி எதை அளந்து, எதைத் திறக்கச் சொல்வது? எந்த வாய்க்கால், எவ்வளவு அகலம், எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று ஒன்றுமே இல்லையே.

ஆகவே சர்வே எண்ணை உட்பிரிவோடு எழுத வேண்டும். நான்கு எல்லைகளை எழுத வேண்டும். வாய்க்கால் அகலம் இத்தனை அடி, நீளம் இத்தனை அடி, மேல்வரப்பின் எந்தப் பக்கமாக ஓடும் என்று எழுத வேண்டும். சர்வேயரை வைத்து அளந்து ஒரு வரைபடம் போட்டு, அதில் இருவரும் கையெழுத்திட்டு இணைத்துவிட்டால் பாதிப் பிரச்சினை தீர்ந்தது. கார் பருவத்துக்கும் பிசானத்துக்கும் தண்ணீர் முறை வேறு என்றால் அதையும் சொல்ல வேண்டும். வாய்க்காலைத் தூர்வாருவது யார் செலவு? மண்வெட்டியோடு மேல்வயலுக்குள் இறங்கத் தம்பிக்கு உரிமை உண்டா? அண்ணன் நட்ட வாழை வாய்க்காலுக்குள் வந்தால் யார் அப்புறப்படுத்துவது? நிலத்தை ஒருவர் விற்றால், வாங்குபவரையும் இந்த நிபந்தனைகள் கட்டும் என்று எழுதியிருக்கிறதா? இதெல்லாம் பேசும்போது அற்பமாகத் தோன்றும். "இதையெல்லாமா எழுதுவாவ?" என்று பெரியவர்கள் சடைத்துக்கொள்வார்கள். ஆனால் அடுத்த சண்டை இந்த அற்ப விஷயத்தில்தான் கிளம்பும். அன்றைக்குப் பேசிவைத்த பெரியவர்கள் இருக்க மாட்டார்கள், இந்தக் காகிதம்தான் இருக்கும்.

பணம் கொடுப்பதாக இருந்தால் தொகை, தேதி, எப்படிக் கொடுப்பது (வங்கி வழியாகவா, கோர்ட்டில் கட்டுவதா), தவணை தவறினால் என்ன ஆகும் என்பதெல்லாம் வேண்டும். "வசதிப்படும்போது கொடுப்பார்" என்ற வாசகத்தை வைத்துக்கொண்டு யாரும் எதையும் வசூலிக்க முடியாது. இரண்டு தரப்புக்கும் இடையே ஓடும் மற்ற வழக்குகளின் எண்களையும் குறிப்பிட்டு, அவை ஒவ்வொன்றும் எப்படி முடியும் என்றும் எழுதுங்கள்.

இவ்வளவு துல்லியமாக எழுதிவிட்டால் கிடைக்கும் பலன் பெரிது. சமரசத் தீர்ப்பாணைக்கும், சாட்சி விசாரித்து நீதிபதி கொடுத்த தீர்ப்பாணைக்கும் ஒரே மதிப்பு. அண்ணன் வாக்கை மீறினால் தம்பி புது வழக்குப் போட வேண்டாம், நேரே நிறைவேற்று மனு போடலாம். தடையை வேண்டுமென்றே மீறுபவரின் சொத்தைக் கோர்ட் ஜப்தி செய்யலாம், சிவில் சிறையிலும் வைக்கலாம். பணமோ சொத்தோ பெறுவதாக இருந்தால் நிறைவேற்று மனுவுக்குப் 12 ஆண்டு அவகாசம் உண்டு. நிரந்தரத் தடை உத்தரவை நிறைவேற்றுவதற்குக் காலவரம்பே இல்லை.

யார் யார் கையெழுத்து?

கையெழுத்துப் போடாதவரைச் சமரசம் கட்டாது. பாகப்பிரிவினை வழக்கில் ஐந்து பேர் பிரதிவாதிகள் என்றால், நான்கு பேர் சேர்ந்து ஐந்தாவது ஆளின் பங்கைப் பேசி முடித்துவிட முடியாது.

இந்த ஐந்தாவது ஆள் பெரும்பாலும் கட்டிக்கொடுத்த அக்காவோ தங்கையோ ஆகத்தான் இருக்கிறார். இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் 1989 மார்ச் 25 முதல் அமலுக்கு வந்த தமிழ்நாட்டுத் திருத்தம், அந்தத் தேதிக்கு முன் திருமணமாகாத மகள்களுக்குக் கூட்டுக்குடும்பச் சொத்தில் மகனுக்குச் சமமான பங்கைக் கொடுத்தது. 2005இல் வந்த மத்தியத் திருத்தமும், 2020இல் உச்ச நீதிமன்றம் அதற்குக் கொடுத்த விளக்கமும் அந்த உரிமையை இன்னும் விரித்தன. சட்டம் இவ்வளவு தூரம் வந்த பின்பும், "பொறந்த வீடு வேணும்னா கையெழுத்துப் போடு தாயி, கோர்ட்ல கூண்டுல நின்னு கூடப்பொறந்தவன எதுத்துப் பேசவா போற?" என்று சொல்லி ராஜி மனுவில் கையெழுத்து வாங்குவது நடக்கிறது. விட்டுக்கொடுக்கும் உரிமை அக்காவுக்கு உண்டு. ஆனால் எதை விட்டுக்கொடுக்கிறோம், அதன் மதிப்பென்ன என்று தெரிந்து, மனமார விட்டுக்கொடுக்க வேண்டும். கையெழுத்துக் கேட்கப்படும் பெண்கள், தம்பிமார் அமர்த்திய வக்கீலிடம் மட்டும் விளக்கம் கேட்டு நிற்காமல், தங்களுக்கென்று ஒரு வக்கீலை வைத்துப் படித்துப் பார்க்கச் சொல்ல வேண்டும். நீதிபதி நேரில் கேட்கும்போது, "எனக்கு இன்னும் யோசிக்க வேண்டும் ஐயா" என்று சொல்ல முழு உரிமை இருக்கிறது.

மைனர் குழந்தையின் பங்கு இருந்தால் காப்பாளர் தாமாகச் சமரசம் செய்ய முடியாது. இந்தச் சமரசம் குழந்தைக்கு நன்மையானது என்று காட்டி, கோர்ட்டின் அனுமதியைத் தனியாகப் பெற வேண்டும். 32ஆம் கட்டளை, ஏழாம் விதி. அனுமதியில்லாமல் செய்த சமரசத்தை அந்த மைனர் தரப்பு செல்லாததாக்கிவிடலாம்.

பயந்து போட்ட கையெழுத்தும் இதே வகைதான். மிரட்டியோ ஏமாற்றியோ வாங்கிய ஒப்பந்தத்தைச் சட்டம் சட்டப்படியான சமரசமாகக் கருதுவதில்லை. நம் பக்கத்தில் கட்டப்பஞ்சாயத்து என்ற ஒன்று இருப்பதால் இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. பெரியவர்கள் இருதரப்பையும் உட்கார வைத்துப் பேசுவதில் தவறில்லை. அபராதம் போடுவதும், ஊரைவிட்டுத் தள்ளி வைப்பதும், ஆள் பலத்தையும் சாதிப் பலத்தையும் காட்டி எளியவரிடம் கையெழுத்து வாங்குவதும் குற்றம். கட்டப்பஞ்சாயத்துகள் சட்டவிரோதமானவை என்று 2011இல் உச்ச நீதிமன்றம் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கிலேயே சொல்லியிருக்கிறது.

தவறான சமரசத்தை எதிர்ப்பது எங்கே? இங்கேயும் வழுக்கும். சம்மதத்தின் பேரில் பிறந்த தீர்ப்பாணைக்கு எதிராக மேல்முறையீடு கிடையாது. "அந்தச் சமரசம் செல்லாது" என்று கேட்டுத் தனி வழக்கும் போட முடியாது. எந்தக் கோர்ட் சமரசத்தைப் பதிவு செய்ததோ, அதே கோர்ட்டுக்குப் போய்த்தான், தாமதிக்காமல், நடந்ததைச் சொல்லி மனுப் போட வேண்டும். கதவு இவ்வளவு குறுகலாக இருப்பதால்தான் கையெழுத்துக்கு முந்தைய யோசனைக்கு இவ்வளவு மதிப்பு.

மக்கள் நீதிமன்றமும் சமரச மையமும்

நாமாகப் பேச முடியாத அளவுக்கு முகம் திரும்பிப் போயிருந்தால், பேசவைக்க இடங்கள் இருக்கின்றன. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 2002 ஜூலையில் அமலுக்கு வந்த 89ஆம் பிரிவு, சமரசத்துக்கு வாய்ப்புத் தெரிகிற வழக்கைக் கோர்ட்டே இப்படிப்பட்ட இடத்துக்கு அனுப்பி வைக்க வழிசெய்கிறது. அவற்றில் நமக்குப் பழக்கமானது மக்கள் நீதிமன்றம், அதாவது லோக் அதாலத். 1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டத்தின் கீழ் இது நடக்கிறது. மாவட்ட, வட்ட அளவில் சட்டப்பணிகள் குழுக்கள் இதை நடத்துகின்றன. தேசிய அளவில் ஒரே நாளில் எல்லா ஊரிலும் நடப்பதும் உண்டு. விபத்து இழப்பீடு, வங்கிக் கடன், காசோலை வழக்குகள் அங்கே நிறையத் தீர்கின்றன. இன்னும் கோர்ட்டுக்குப் போகாத பிணக்கையும் அங்கே கொண்டுபோகலாம்.

லோக் அதாலத்தில் உட்காருபவர்கள் தீர்ப்புச் சொல்வதில்லை. இருதரப்பும் சம்மதித்தால் மட்டுமே ஆணை. சம்மதிக்காவிட்டால் வழக்கு பழைய கோர்ட்டுக்கே திரும்பும், யாருக்கும் நஷ்டமில்லை. சம்மதித்துப் பிறந்த ஆணைக்கு சிவில் கோர்ட் டிக்ரியின் மதிப்பு உண்டு, அதற்கு மேல்முறையீடு கிடையாது. மிகக் குறுகிய காரணங்களில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம், அவ்வளவுதான். ஒரே நாளில் நிறைய வழக்குகள் எடுக்கப்படுவதால் அங்கே அவசரம் தொற்றிக்கொள்ளும். இழப்பீட்டுத் தொகை குறைவாகத் தோன்றினால், அன்றைக்கே முடித்தாக வேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வாய்க்கால், பாகம், கணவன் மனைவி பிணக்கு போன்ற, மனக்கசப்பு ஊறிய வழக்குகளுக்குச் சமரச மையம் பொருத்தமானது என்று நினைக்கிறேன். அங்கே பயிற்சி பெற்ற சமரசர் ஒருவர் இருதரப்பையும் சேர்த்தும் தனித்தனியாகவும் உட்கார வைத்து, பல அமர்வுகளில் பொறுமையாகப் பேசுவார். அங்கே பேசியது வெளியே போகாது. "அவரே அங்கே ஒப்புக்கொண்டாரே" என்று அதைக் கோர்ட்டில் சாட்சியமாக எடுத்துவைக்க முடியாது. அதனால் மனம்விட்டுப் பேச முடிகிறது. நாட்டிலேயே கோர்ட்டோடு இணைந்த முதல் சமரச மையம் 2005 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில்தான் தொடங்கியது. மாவட்டங்களுக்கு அப்புறம் பரவியது.

கோர்ட் கட்டணம் திரும்பி வருவதும் பலருக்குத் தெரியாது. 89ஆம் பிரிவின் வழியாகத் தீர்ந்த வழக்கில் வாதி கட்டிய கட்டணத்தைத் திருப்பிக் கொடுக்க, தமிழ்நாட்டின் 1955ஆம் ஆண்டு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தில் 69-ஏ என்ற பிரிவு இருக்கிறது. கோர்ட் அனுப்பாமல், தரப்பினர் தாங்களே வெளியில் பேசி முடித்துக்கொண்டால் திருப்பித் தரலாமா என்ற கேள்வி எழுந்தது. தரலாம் என்று வந்த உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்ற நிர்வாகமே உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், தாமாகப் பேசி முடித்தவர்களுக்கும் கட்டணத்தைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று தீர்த்தது. கோர்ட்டின் நேரத்தை மிச்சப்படுத்தியவரைத் தண்டிப்பது நியாயமில்லை என்ற எளிய நியாயம் அதில் இருக்கிறது. ராஜி மனுவோடு சேர்த்தே இதைக் கேட்கச் சொல்லி உங்கள் வக்கீலிடம் நினைவுபடுத்துங்கள்.

போலீஸ் வழக்கு இருந்தால்

நம் கற்பனை அண்ணன் தம்பிக்குள் வாய்க்கால் கரையில் கைகலப்பும் நடந்து, ஸ்டேஷனில் வழக்கும் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். சிவில் ராஜி மனுவில் கையெழுத்திட்டால் அது தானாக முடியாது. குற்ற வழக்கை நடத்துவது அரசு. எப்.ஐ.ஆர். போட்ட பிறகு, புகார் கொடுத்தவர் ஸ்டேஷனில் சமாதானம் எழுதிக் கொடுத்தால் மட்டும் வழக்கு மூடப்படாது.

எந்தக் குற்றங்களில் சமாதானம் செல்லும் என்பதை 2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவு பட்டியல் போட்டுச் சொல்கிறது. பழைய சட்டத்தில் இது 320ஆம் பிரிவு. கையால் அடித்த சிறு காயம், வழிமறித்தல், அத்துமீறி நுழைதல் போன்றவற்றில் பாதிக்கப்பட்டவர் கோர்ட் அனுமதி இல்லாமலே சமாதானம் ஆகலாம். மோசடி போன்ற சிலவற்றில் கோர்ட் அனுமதி வேண்டும். சமாதானம் ஏற்கப்பட்டால் குற்றம் சாட்டப்பட்டவருக்கு அது விடுதலையாகும்.

மண்வெட்டியாலோ அரிவாளாலோ அடித்ததாக வழக்கு இருந்தால் கதை மாறும். ஆபத்தான ஆயுதத்தால் காயம் ஏற்படுத்துவது அந்தப் பட்டியலில் இல்லை. அப்போது மதுரைக் கிளையில், உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தின் கீழ் வழக்கை ரத்து செய்யும்படி மனுப் போட வேண்டியிருக்கும். குடும்பத் தகராறு, பணப் பிணக்கு மாதிரி தனிப்பட்ட தன்மையுள்ள வழக்குகளில் உயர் நீதிமன்றம் அப்படி ரத்து செய்யலாம் என்று 2012இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்றவற்றில் குடும்பங்கள் சமாதானமாகிவிட்டன என்பதற்காக ரத்து செய்யக் கூடாது என்றும் அதே தீர்ப்பு சொன்னது. குழந்தைகள் மீதான பாலியல் குற்றத்தைப் "பேசி முடிப்பது" என்ற பேச்சுக்கே இடமில்லை. அப்படிப் பேச வருபவரை வாசலிலேயே நிறுத்துங்கள்.

காசோலை திரும்பிய வழக்கு தனி ரகம். அதில் எந்தக் கட்டத்திலும் சமாதானம் ஆகலாம், ஆனால் தாமதிக்கத் தாமதிக்கச் செலவு கூடும். 2010இல் உச்ச நீதிமன்றம் இதற்குப் படிப்படியான விகிதம் வகுத்தது, 2025இல் அதைக் குறைத்தது. குற்றம் சாட்டப்பட்டவர் தன் தரப்புச் சாட்சியத்தைத் தொடங்குவதற்கு முன் பணத்தைக் கொடுத்தால் கூடுதல் செலவு இல்லை. அதன் பிறகு, தீர்ப்புக்கு முன் என்றால் காசோலைத் தொகையில் நூற்றுக்கு 5, செஷன்ஸ் கோர்ட்டிலோ உயர் நீதிமன்றத்திலோ என்றால் ஏழரை, உச்ச நீதிமன்றம் வரை போய்விட்டால் 10.

டிக்ரிக்குப் பிறகு கொடுக்கும் பணம்

தீர்ப்பு வந்த பிறகும் சமாதானம் உண்டு. நான்கு லட்சத்துக்கு டிக்ரி வாங்கியவர், மூன்று லட்சம் கையில் கொடுத்தால் போதும் என்று ஒப்புக்கொள்கிறார், கடன்காரர் கொடுத்தும் விடுகிறார். இருவரும் கைகுலுக்கிப் பிரிகிறார்கள். ஆனால் டிக்ரி அப்படியே இருக்கிறது. கோர்ட்டுக்கு வெளியே கொடுத்த பணத்தைக் கோர்ட்டில் பதிவு செய்ய வேண்டும் என்பது 21ஆம் கட்டளை, இரண்டாம் விதி. வாங்கியவர் தெரிவிக்க வேண்டும். அவர் தெரிவிக்காவிட்டால் கொடுத்தவர் 30 நாளுக்குள் மனுப் போட்டுப் பதிவு செய்ய வேண்டும். பதிவாகாத பணத்தை நிறைவேற்று நீதிமன்றம் கணக்கில் எடுக்காது. வாங்கியவர் இறந்து, விவரம் தெரியாத மகன் முழு நான்கு லட்சத்துக்கும் நிறைவேற்று மனு போட்டால், கொடுத்தவர் திண்டாட வேண்டியதுதான். அண்ணாச்சி நல்லவர், எழுதி வாங்குவது அவரை நம்பாத மாதிரி ஆகும் என்ற தயக்கத்தில்தான் பலர் இதைக் கோட்டை விடுகிறார்கள்.

ராஜி டிக்ரி வந்ததும் சான்றிட்ட நகலுக்கு அன்றே மனுப் போடுங்கள். அந்த நகலையும் வரைபடத்தையும் கொண்டு தாலுகா ஆபீசில் உட்பிரிவுக்கும் பட்டா மாறுதலுக்கும் விண்ணப்பிக்க வேண்டும், கோர்ட் அதைச் செய்து தராது. வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் மாவட்ட அல்லது வட்டச் சட்டப்பணிகள் அலுவலகத்தில் இலவச வக்கீல் கேட்கலாம். பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பும் கிடையாது. எங்கே போவது என்று தெரியாதவர்கள் 15100 என்ற கட்டணமில்லா எண்ணில் கூப்பிட்டுக் கேட்கலாம். ராஜி மனுவில் கையெழுத்துப் போடும் முன், அதைப் படித்துச் சொல்ல ஒரு ஆள் வேண்டும் என்பதற்காக மட்டும்கூட இந்த உதவியைக் கேட்கலாம்.